டியர் சாருக்கு இங்கே வேலையில்லை

என் வீட்டுக்காரருக்குக் கோபம் வந்தால் மரியாதை கூடிவிடும். வீட்டில் அல்ல, இங்கிலீஷ் கடிதத்தில். வீட்டில் கோபம் வந்தால் எல்லா ஆம்பிளைகளையும் போலத்தான், தட்டைத் தள்ளி வைத்துவிட்டு மாடி வராண்டாவில் போய் நின்றுகொள்வார். கடிதத்தில்தான் பார்க்கவேண்டும் அந்த மனுசரை! சரக்கு வாங்குகிறவன் ஒழுங்காக இருக்கிற வரைக்கும் 'டியர் ஃப்ரெண்ட்'. கொஞ்சம் இழுத்தடித்தால் 'டியர் சார்'. இன்னும் ஏமாற்றினான் என்றால் வெறும் 'சார்'. டியர் போய்விடும். படிக்கிறவன் அந்த இடத்திலேயே செக் புத்தகத்தைத் தேடுவான்.

பெரியமேட்டில் ஒரு தோல் ஏற்றுமதிக் கம்பெனியில் இருபது வருசத்துக்கு மேல் அவருக்கு இதுதான் வேலை, வெளிநாட்டுக்குக் கடிதம் எழுதுவது. முதலாளி ஒரு பாய். வீட்டில் உருது, குடோனில் தமிழ், கோபம் வந்தால் இரண்டும் கலந்து. "அந்த ஜெர்மன்காரன் என்னை என்ன கேனையன்னு நினைச்சுக்கினானா? நல்லா கேளுப்பா அவனை!" என்று கத்துவாராம். இவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டு, ஒரு கெட்ட வார்த்தை இல்லாமல் நாலைந்து வரி டைப் அடித்துக் கொண்டுபோய் நீட்டுவார். பாய் மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுப் படித்துப் பார்த்துவிட்டு, "போதும்பா, நான் கத்தினது இதுல நல்லா கேக்குது" என்பாராம்.

துக்கக் கடிதம் என்றால் இன்னும் விசேஷம். இத்தாலியில் ஒரு பழைய வாடிக்கையாளருடைய அப்பா இறந்தால், பாய் பேசாமல் இவர் மேஜை பக்கத்தில் வந்து ஒரு நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொள்வார். டிக்டேஷன் எதுவும் கிடையாது. "நீயே எழுது, உனக்குத் தெரியும்." இவர் எழுதுவார். அன்றைக்கு முழுக்க ஒரு கடிதம்தான். எதிரில் யார், அவன் வயசு என்ன, செத்தவர் அவனுக்கு என்ன வேண்டும், எல்லாம் யோசித்துத்தான் வார்த்தை எடுப்பார். தமிழில் நாம் செய்வதில்லையா? தெருவில் ஒரு நாய் செத்துக் கிடக்கிறது. பக்கத்து வீட்டுத் தாத்தா தவறிட்டார். எங்கள் கோயில் ஃபாதர் ஆண்டவரில் துயில்கொண்டார். யாரும் சொல்லிக்கொடுத்து நமக்கு வந்ததில்லை இது. அவருக்கு இங்கிலீஷிலும் அப்படி வரும்.

சாந்தோம் பக்கம் எங்கள் மாதா கோயில் பங்கில் பாதிப் பேர் டீச்சர், மீதிப் பேர் ஆஸ்பத்திரி, ஆபீஸ் என்று போகிறவர்கள். அவர்களுக்கே இங்கிலீஷ் தெரியும். இருந்தாலும் ஒரு சாவு என்றால், வெளிநாட்டில் இருக்கிற சொந்தத்துக்கோ பழைய மேலதிகாரிக்கோ எழுதவேண்டும் என்றால், எங்கள் மாடிப்படி ஏறி வருவார்கள். நான் இங்கிலீஷ் டீச்சர். பள்ளிக்கூடத்தில் எட்டாம் வகுப்புக்கு எடுக்கிறேன். என்னைத் தாண்டிக்கொண்டுதான் அவரிடம் போவார்கள். எனக்கு உள்ளுக்குள் கொஞ்சம் எரியும். காபி போட்டுக் கொடுத்துவிட்டு நோட்டுத் திருத்தப் போய்விடுவேன்.

பாய் தவறிப்போனார். மகன்கள் தோல் வேண்டாம் என்று கட்டடம் கட்டி விற்கப் போய்விட்டார்கள். கம்பெனியை மூடினபோது என் வீட்டுக்காரருக்கு வயது ஐம்பத்திரண்டு. மகளைக் கட்டிக்கொடுத்தாகிவிட்டது, அது ஒன்றுதான் ஆறுதல். எனக்குச் சம்பளம் வருகிறது, ஆனால் அது கவர்ன்மெண்ட் சம்பளம் இல்லை, பள்ளிக்கூட நிர்வாகம் தருகிறது. பென்ஷன் கிடையாது, எப்போது வேண்டுமானாலும் போ என்று சொல்லலாம். அதைவிட, காலையில் நான் பள்ளிக்கூடம் கிளம்பும்போது அவர் எனக்கு டிஃபன் டப்பா மூடிக் கொடுக்கிறது இருக்கிறதே, அதைத்தான் என்னால் பார்க்கச் சகிக்கவில்லை. மூடியை இரண்டு தடவை அழுத்திப் பார்ப்பார். வேறு வேலை இல்லாத மனுசருடைய கவனம் அது.

இரண்டு வருசம் இப்படியே. எங்கெங்கோ போய்விட்டு வந்தார். தி.நகரில் ஒரு ஆபீசில் அவருடைய விண்ணப்பத்தைப் படித்துவிட்டு ஒரு பையன் சிரித்தானாம். "சார், 'ஐ பெக் டு ஸ்டேட்'டுன்னு எழுதிருக்கீங்க, எதுக்கு பெக் பண்றீங்க?" என்று கேட்டானாம். இவரும் சிரித்துவிட்டு வந்திருக்கிறார். என்னிடம் சொல்லும்போது சிரிப்பு இல்லை.

கடைசியில் அடையாறில் ஒரு கம்பெனி எடுத்துக்கொண்டது. வெளிநாட்டு ஓட்டல்களில் ரூம் பதிவு செய்துகொடுக்கிற கம்பெனி. ஆஸ்திரேலியாவில் இருக்கிறவர்கள் ஏதாவது கேட்டால் இங்கே உட்கார்ந்து சாட்டில் பதில் சொல்லவேண்டும். அவர்களுக்குப் பொழுது நமக்கு முந்தியே விடிந்துவிடுகிறதே, அதனால் விடியற்காலை ஷிஃப்ட். இந்த நேரத்துக்கு வர இளசுகள் கிடைக்கவில்லை, இவருடைய டைப்பிங் வேகத்தைப் பார்த்து எடுத்துக்கொண்டார்கள். ஆறு மாசம் பார்ப்பார்களாம். பிடித்திருந்தால் நிரந்தரம், இல்லையென்றால் வணக்கம். இந்த வயசில் இதுவும் போனால் அவர் இன்னொரு வாசல்படி ஏறமாட்டார் என்று எனக்குத் தெரியும். அவருக்கும் தெரியும்.

முதல் வாரமே பிரச்சினை. ஒவ்வொரு சாட்டையும் இன்னொருத்தர் படித்துப் பார்த்து மார்க் போடுவார்களாம். பதில் சரியா என்பதற்கு ஒரு மார்க், 'டோன்' என்று பேச்சின் தொனிக்கு ஒரு மார்க். பதிலில் இவர் முழு மார்க். டோனில் சிவப்பு. 'டியர் சார்' போடக்கூடாதாம். 'கைண்ட்லி' கூடாதாம். 'வி ரெக்ரெட் த இன்கன்வீனியன்ஸ்' கூடவே கூடாதாம். 'ஹே' என்று ஆரம்பித்து, வந்தவர் பேரைச் சொல்லி, ஒரு ஆச்சரியக்குறியாவது போட்டு, முடிக்கும்போது 'ஹேவ் அ க்ரேட் டே' என்று ஒரு சிரிப்புப் பொம்மையோடு அனுப்பவேண்டுமாம்.

"எழுபது வயசுக் கிழவரைப் பேர் சொல்லி 'ஹே'ன்னு கூப்பிடணுமாம், டீச்சரம்மா" என்றார். கிண்டலாகக் கூப்பிட ஆரம்பித்தது, கல்யாணம் ஆனதிலிருந்து நான் அவருக்கு டீச்சரம்மாதான்.

"கூப்பிடுங்க. அவங்க ஊர்ல அது தப்பில்ல."

"ஆடுமாட்டைக் கூப்பிடுற மாதிரி இருக்கு."

"உங்களை அந்த ஆபீஸ்ல எப்படிக் கூப்பிடுறாங்க?"

அங்கே அவருக்கு டீம் லீடர் எங்கள் மகளைவிடச் சின்னப் பெண், வடபழனியிலிருந்து ஸ்கூட்டியில் வருகிறவள். அவள் இவரைப் பேர் சொல்லித்தான் கூப்பிடவேண்டும், அது அங்கே சட்டம். நான் இந்த முப்பது வருசத்தில் ஒரு தடவை அவர் பேரைச் சொன்னதில்லை. பேங்க்கில் கேட்டால்கூட எழுதித்தான் காட்டுவேன். எந்த வீட்டுப் பெண்ணோ ஒருத்தி கூடத்துக்கு நடுவில் நின்று அந்தப் பேரைக் கூப்பிடுகிறாள், இவர் எழுந்து போகிறார். எழுந்து நிற்கவும் வேண்டாமாம். அதற்கும் சொல்லிப் பார்த்தார்கள், அது மட்டும் அவருக்கு வரவில்லை.

சரி, இப்படியே விட்டால் ஆறு மாசம் அல்ல, ஆறு வாரம் தாங்காது என்று நான் வரிந்துகட்டிக்கொண்டு இறங்கினேன். பள்ளிக்கூடத்தில் என் பிழைப்பே சின்ன வார்த்தையைப் பெரிய வார்த்தையாக்குவதுதான். 'ஆஸ்க்' என்று எழுதின பிள்ளைக்கு 'ரிக்வெஸ்ட்' சொல்லிக்கொடுப்பேன், 'ஹெல்ப்' என்று எழுதினால் 'அசிஸ்ட்', 'ஸ்டார்ட்' என்றால் 'கமென்ஸ்'. படி ஏற்றிவிடுகிற வேலை. வீட்டுக்கு வந்தால் ஒரு பெரிய மனுசரைக் கையைப் பிடித்து அதே படியில் கீழே இறக்கவேண்டும். என்ன தலையெழுத்தோ!

மத்தியானம் அவர் வந்து, நான் மூடி வைத்த சாப்பாட்டைச் சாப்பிட்டிருப்பார். நான் பள்ளிக்கூடத்திலிருந்து வந்ததும் அந்தச் சாப்பாட்டு மேஜையிலேயே உட்காருவோம். நான் கொத்தவரங்காய் நறுக்கிக்கொண்டே ஆஸ்திரேலியாக்காரியாக மாறிவிடுவேன்.

"என் ரூம்ல சுடுதண்ணி வரல!"

"மேடம், வி டீப்லி ரெக்ரெட்..."

"போச்சு! சிவப்பு!"

"சரி சரி. ஓ நோ, ஸோ ஸாரி டு ஹியர் தட்."

"ஆச்சரியக்குறி எங்க?"

"போட்டேன்."

"போட்டது முகத்துல தெரியலயே."

சிரித்துவிடுவார். அந்த ஒரு மாசம் நாங்கள் நிறையச் சிரித்தோம், அதை மறைக்கவேண்டியதில்லை. ஆபீசுக்கு முழுக்கை சட்டை வேண்டாம், டீ ஷர்ட்டில் வரலாம் என்றார்கள் என்று பாண்டி பஜாருக்குப் போய் காலர் வைத்த டீ ஷர்ட் இரண்டு வாங்கினோம். மனுசர் அதை இஸ்திரிக்குப் போட்டு, கைமடிப்பில் கத்தி மாதிரி கோடு எடுத்து, மேல் பட்டன் வரைக்கும் பூட்டிக்கொண்டு கிளம்பினார். "அந்த ஒரு பட்டனையாவது கழட்டுங்களேன்" என்றால், "காத்து அடிக்குது, தொண்டைக்கு ஆகாது" என்று ஒரு பதில்.

கொஞ்சம் கொஞ்சமாக வந்துவிட்டது அவருக்கு. 'ஹே' வந்தது. 'நோ ஒரீஸ்' வந்தது. கவலை வேண்டாம் என்பதற்கு அங்கே அதுதானாம், நன்றி சொன்னாலும் நோ ஒரீஸ், மன்னிப்புக் கேட்டாலும் நோ ஒரீஸ். ஒரு நாள் கறிவேப்பிலை வாங்க மறந்துவிட்டேன் என்றேன், திரும்பிப் பார்க்காமல் "நோ ஒரீஸ்" என்றார். நான் கை தட்டினேன்.

ஆனாலும் அவசரத்தில் பழையது எட்டிப் பார்த்துவிடும். கடைசி மாசம் ஆரம்பித்தபோது கணக்கைத் தெளிவாகச் சொல்லிவிட்டார்கள். அந்த மாசத்தில் டோனில் மூன்று சிவப்பு விழுந்தால் நிரந்தரம் கிடையாது. முதல் வாரத்திலேயே இரண்டு விழுந்துவிட்டது. ஒன்று, யாரோ ஒரு வயசான அம்மாவுக்கு 'கைண்ட்லி' போட்டுவிட்டார். இன்னொன்று, முடிவில் சிரிப்புப் பொம்மை வைக்கவில்லை.

அந்த டீம் லீடர் பெண்ணைக் குறை சொல்லமாட்டேன். அன்றைக்கு ஷிஃப்ட் முடிந்து கீழே டீக்கடையில் இவரை நிறுத்தி வைத்துப் பேசியிருக்கிறாள். அங்கே வந்தால் அவளும் பேர் சொல்லமாட்டாள், அங்கிள்தான். "அங்கிள், உங்க பதில்ல ஒரு தப்பு கிடையாது, நானே மேல சொல்லிக்கினுதான் இருக்கேன். ஆனா டோன் என் கைல இல்ல அங்கிள். இன்னும் ஒண்ணே ஒண்ணு விழுந்துச்சுன்னா என்னால ஒண்ணும் பண்ண முடியாது. தயவுசெஞ்சு மூணு வாரம் பல்லைக் கடிச்சிக்கினு ஓட்டுங்க" என்றாளாம். டீக்குக் காசையும் அவளே கொடுத்தாளாம்.

அது நவம்பர். மழை பிடித்துக்கொண்டது. விடியற்காலையில் பட்டினப்பாக்கம் ஸ்டாப் வரைக்கும் கணுக்கால் தண்ணீரில் நடந்து போவார், செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு. தினமும் மத்தியானம் நான் வகுப்பில் இருக்கும்போதே போனை எடுத்துப் பார்ப்பேன். 'ஓகே' என்று ஒரு செய்தி வரும். அன்றைக்குச் சிவப்பு இல்லை என்று அர்த்தம். அந்த ஓகே வருகிற வரைக்கும் நான் டிஃபன் டப்பாவைத் திறக்கமாட்டேன்.

ஒரு வியாழக்கிழமை ஓகே வந்தது. ஆனால் வீட்டுக்கு வந்து பார்த்தால் மேஜையில் மூடி வைத்த சாப்பாடு அப்படியே இருக்கிறது. மனுசர் ஈர டீ ஷர்ட்டைக்கூட மாற்றாமல் வராண்டாவில் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார்.

"என்னங்க, சிவப்பா?"

"இல்ல. பத்துக்குப் பத்து."

"அப்புறம் என்ன? ஏன் சாப்பிடல?"

மழையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். காலையில் ஒருத்தர் சாட்டில் வந்திருக்கிறார். வந்தவர் 'ஹே' என்று வரவில்லை. 'டியர் சார்' என்று ஆரம்பித்தாராம். இந்த ஆறு மாசத்தில் இவருக்கு ஒரு டியர் சார் வந்தது அன்றைக்குத்தான். ஒழுங்காகப் பத்தி பிரித்து, காற்புள்ளி முற்றுப்புள்ளி வைத்து, ஒரு கடிதம் போலவே எழுதியிருந்தாராம். நாற்பதாவது கல்யாண நாளுக்காக இரண்டு பேருக்கு ஒரு கடற்கரை ஓட்டலில் ரூம் போட்டிருந்தேன், என் மனைவி போன வாரம் இறந்துவிட்டாள், எனவே அந்தப் பதிவை ரத்து செய்யும்படி வேண்டிக்கொள்கிறேன், தங்களுக்குத் தொந்தரவு கொடுப்பதற்கு வருந்துகிறேன். மனைவி பேரில்தான் பதிவு என்று அந்தப் பேரையும் கீழே எழுதியிருந்தாராம்.

"நம்ம ஆளு, டீச்சரம்மா" என்றார். "எழுதினதைப் பார்த்தாலே தெரிஞ்சுடுச்சு. பாய்கிட்ட வர்ற கடுதாசி மாதிரியே இருந்துச்சு. சட்டையை இழுத்துவிட்டுக்கினு நேரா உட்கார்ந்துட்டேன்."

"என்ன எழுதினீங்க?"

"எழுதினேன். கை தானாப் போச்சு. டியர் சார் போட்டு நாலு வரி வந்துச்சு. நல்லா வந்துச்சு. பாய் இருந்தா படிச்சிட்டு எழுந்து போயிருப்பாரு, பேசமாட்டாரு. அப்படி."

"அப்புறம்?"

"அழிச்சிட்டேன்."

அவரே சொன்னார். சாவுக்கும் அந்தக் கம்பெனி ஒரு வரி வைத்திருக்கிறது. ரயிலைத் தவறவிட்டவனுக்கும் சூட்கேஸ் தொலைந்தவனுக்கும் போடுகிற அதே வரி. நான் கொத்தவரங்காய் நறுக்கிக்கொண்டு சொல்லிக்கொடுத்த அதே வரி. முதலில் 'ஹே', அதன்பின் அந்த மனுசர் பேர். ஓ நோ, ஸோ ஸாரி டு ஹியர் தட், ஆச்சரியக்குறி. நோ ஒரீஸ், ஆல் டன், ஆச்சரியக்குறி. கடைசியில் ஹேவ் அ க்ரேட் டே. சிரிப்புப் பொம்மை. பெண்டாட்டியைப் புதைத்து ஒரு வாரம்கூட ஆகாத மனுசருக்கு!

"தெரியாமப் போட்டேன்னு நினைக்காத" என்றார். "அந்தப் பொம்மை மேல கையை வச்சுக்கினு உட்கார்ந்திருந்தேன். அது இல்லாம அனுப்பினா மூணாவது சிவப்பு. உன் மூஞ்சிதான் தெரிஞ்சுச்சு. அனுப்பிட்டேன்."

"அவர் என்ன சொன்னாரு?"

"ரொம்ப நேரம் ஒண்ணும் வரல. அப்புறம் 'தேங்க் யூ'ன்னு மட்டும் போட்டுட்டுப் போயிட்டாரு. முற்றுப்புள்ளி வச்சு."

எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. யார் மேல் என்று தெரியவில்லை. மார்க் போட்டவன் மேலா? அவன் அந்தச் சாட்டுக்குக் கீழே 'லவ் த எனர்ஜி' என்று எழுதியிருந்தானாம். துக்கம் சொல்லி வந்தவருக்குக் கொடுத்த பதிலைப் படித்துவிட்டு, உற்சாகம் பிரமாதம் என்று எழுதிப் பத்துக்குப் பத்தும் போட்டிருக்கிறான். அவன் மேலே படித்தானோ, கீழே மட்டும் பார்த்தானோ. நாசமாய்ப் போக என்று வாய்விட்டுச் சொன்னேன். இவர் "அவனும் சம்பளத்துக்குத்தான் உட்கார்ந்திருக்கான், விடு" என்றார்.

நான் சொல்லிக்கொடுத்ததற்கு வருத்தப்படுகிறேனா என்று யாராவது கேட்டால், இல்லை என்றுதான் சொல்வேன். இது ஃபாதரிடம் முழங்கால் போட்டுச் சொல்கிற பாவசங்கீர்த்தனம் இல்லை. வேலை வேண்டும், அந்த மனுசர் தலைநிமிர்ந்து தெருவில் நடக்கவேண்டும், அதற்காக இதையும் சொல்லிக்கொடுப்பேன், இன்னும் கேவலமானதையும் சொல்லிக்கொடுப்பேன். ஆனால் அன்றைக்குச் சாயங்காலம் என் வீட்டில் சாவு விழுந்த மாதிரி இருந்தது. விளக்குப் போடக்கூட எனக்குத் தோன்றவில்லை.

அந்த மாசக் கடைசியில் கம்பெனியிலிருந்து மெயில் வந்தது. நிரந்தரம். பாய் கம்பெனியில் இவரை நிரந்தரமாக்கினபோது கொடுத்த கடிதம் இன்னும் பீரோவில் இருக்கிறது, 'வி ஆர் ப்ளீஸ்டு டு கன்ஃபர்ம்' என்று ஆரம்பிக்கும். அதையும் இவரேதான் டைப் அடித்தார், தனக்குத் தானே. இந்த மெயிலில் 'யேய்!' என்று ஆரம்பித்து, இப்போது நீங்களும் எங்களில் ஒருத்தர் என்று எழுதி, கலர் காகிதம் பறக்கிற படம் ஒன்று போட்டிருந்தார்கள். நான் இரண்டு தடவை படித்தேன். மனசு நிறைந்ததா என்றால், நிறைந்தது. மாதாவுக்கு ஒரு மெழுகுதிரி நேர்ந்திருந்தேன், அன்றைக்கே ஏற்றிவிட்டு வந்தேன்.

நவம்பர் எங்களுக்கு ஆன்மாக்கள் மாசம். செத்தவர்கள் பேரைக் கோயில் ஆபீசில் கொடுத்தால் பூசையில் வாசித்து வேண்டிக்கொள்வார்கள். வருசாவருசம் அவர் அப்பா அம்மா, என் அப்பா, அப்புறம் பாய். பாய் முஸ்லிம் ஆயிற்றே என்று ஆபீசில் இருக்கிற அம்மா முதல் வருசம் கேட்டதற்கு, "ஆண்டவருக்குத் தெரியும்மா, நீங்க எழுதுங்க" என்றார். இந்த வருசம் மாசம் முடிவதற்கு இரண்டு நாள் இருக்கும்போது என்னையும் கூட்டிக்கொண்டு மறுபடியும் போனார். இன்னொரு பேர் சேர்க்கவேண்டும் என்றார். அந்தச் சாட்டில் வந்த மனுசருடைய மனைவியின் பேரைச் சொன்னார்.

ஆபீஸ் அம்மா பேனாவைப் பிடித்தபடி நிமிர்ந்து பார்த்தார். "வெள்ளைக்காரங்க பேரா இருக்கே. உங்களுக்கு என்ன வேணும் இவங்க?"

"எனக்கு ஒண்ணும் வேணாம்மா. இவங்க வீட்டுக்காரர் எனக்குத் தகவல் சொல்லியிருந்தாரு."

"சரி, பூசை ஒப்புக்கொடுக்கிறவங்க யார்னு போடட்டும்? உங்க பேரா?"

"என் பேர் வேணாம். அவர் பேரையே போடுங்க. அவர்கிட்ட நான் ஒண்ணும் சொல்லாம விட்டுட்டேன்."

ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் வாசித்தார்கள். வாசித்த பெண் அந்தப் பேரைத் தப்பும் தவறுமாகத்தான் உச்சரித்தாள். இவர் டீ ஷர்ட்டில் வரவில்லை, முழுக்கை வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு வந்திருந்தார். பேர் வந்ததும் தலையைக் குனிந்துகொண்டார். வெளியே மழை. கோயில் கூரையில் விழுந்த சத்தத்தில் மற்ற பேர்கள் எதுவும் எனக்குக் கேட்கவில்லை.

அதோடு மனசு ஆறிவிட்டிருக்கும் என்றுதான் நினைத்தேன். தினமும் போகிறார், வருகிறார். மார்க்கில் எப்போதும் பச்சை. போன மாசம் நல்ல டோனுக்கென்று ஒரு கோப்பை கொடுத்தார்கள், தண்ணீர் குடிக்கிற கோப்பை, அதில் ஒரு சிரிப்புப் பொம்மை. அதில் நான் கரண்டி போட்டு வைத்திருக்கிறேன்.

இப்போது பங்கில் யாராவது கடிதம் என்று மாடிப்படி ஏறி வந்தால், "டீச்சரம்மாகிட்ட கேளுங்க, நல்லா எழுதுவாங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விடுகிறார். முதலில் களைப்பு என்று நினைத்தேன். விடியற்காலை எழுந்திருக்கிற மனுசர், பாவம் என்று நானே எழுதிக் கொடுத்தேன். எரிச்சல் பட்ட காலம் போய், இந்த வேலை எனக்கு வந்ததில் ஒரு சந்தோஷமும் இல்லை.

இந்த வாரம் கேட்டேவிட்டேன். விடியற்காலை, அவர் ஷூ லேஸ் கட்டிக்கொண்டிருந்தார். நான் டிஃபன் டப்பாவை மூடிக்கொண்டிருந்தேன். மனசில் ரொம்ப நாளாக இருந்தது.

"என்னங்க, இப்பதான் நிரந்தரம் ஆயிடுச்சே. ஒரு சிவப்பு விழுந்தா ஒண்ணும் ஆகாதே. மறுபடியும் அந்த மாதிரி யாராவது துக்கத்தோட வந்தா, எழுதினதை அழிக்காம அப்படியே அனுப்பிடுங்களேன்."

அவர் லேசை முடிச்சுப் போட்டுவிட்டு நிமிர்ந்தார். கோபம் இல்லை, வருத்தம்கூட இல்லை முகத்தில்.

"வந்தாங்களே, ரெண்டு பேர் வந்தாங்க" என்றார். "அழிக்கிறதுக்கு ஒண்ணும் வரல டீச்சரம்மா. முதல்லயே நோ ஒரீஸ்தான் வருது."

டப்பாவை வாங்கிக்கொண்டு, மூடியை ஒரு தடவை அழுத்திப் பார்த்துவிட்டு, பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று படி இறங்கிப் போனார்.